டாஹாவ் வதைமுகாம் நினைவிடம்: முதல்முறை போகிறவர்களுக்கு

ஜெர்மனியில் மியூனிக்குக்கு வேலைக்கும் படிப்புக்கும் வரும் நம் ஆட்கள், வந்து ஒரு மாதம் ஆனதும் என்னிடம் கேட்பார்கள்: "டாஹாவ் முகாம் பக்கத்தில்தானே இருக்கிறது, போனால் பார்க்க என்ன இருக்கும்?" ஹிட்லரின் நாஜி ஆட்சி ஆட்களை அடைத்து வதைத்த இடம் அது, கட்டாயம் போங்கள் என்பேன். ஆனால் தனியாகச் சுற்றிவிட்டு வந்துவிடாதீர்கள், நினைவிடத்தின் வழிகாட்டி ஒருவரோடு இரண்டரை மணி நேரம் நடந்து பாருங்கள் என்பதையும் சேர்த்தே சொல்வேன்.

முதல்முறை நான் தனியாகத்தான் போனேன். இரும்புக் கதவைத் தாண்டினால் ஒரு பெரிய சரளைக்கல் மைதானம். அதற்கு அப்பால் இரண்டு பக்கமும் நீளநீளமான செவ்வகங்கள், உள்ளே கல் நிரப்பி, ஒவ்வொன்றின் முன்னாலும் ஒரு எண். கட்டடம் என்று சொல்ல அங்கே அதிகம் இல்லை. நாற்பது நிமிடத்தில் வெளியே வந்துவிட்டேன். அடுத்த வருடம் ஊரிலிருந்து அப்பா வந்தபோது வழிகாட்டியோடு போனோம். அதே மைதானத்தின் நடுவில் எங்கள் குழுவை நிறுத்தினார் வழிகாட்டியாக வந்த பெண்மணி. "காலையும் மாலையும் இங்கேதான் நிற்க வேண்டும். ஆள் கணக்கு சரியாக வரும்வரை அசையக் கூடாது. இரவில் இறந்துபோனவர்களையும் தூக்கி வந்து வரிசையில் கிடத்த வேண்டும், கணக்குக்காக" என்றார். கையைக் கட்டிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்த அப்பா மெல்லக் கையை இறக்கிவிட்டார். போன வருடம் பார்த்த அதே கற்கள்தான். சொல்ல ஒரு ஆள் இருந்ததால்தான் அந்த இடம் என்ன என்று எனக்குத் தெரிந்தது.

இடம் இப்படி வெறிச்சோடி இருப்பதற்கும் ஒரு கதை உண்டு. 1945இல் முகாம் விடுவிக்கப்பட்ட பிறகு அமெரிக்க ராணுவம் இங்கே நாஜிப் படையினரை அடைத்து வைத்தது, போர்க்குற்ற விசாரணைகளும் இங்கேயே நடந்தன. அப்புறம் 1948 முதல், கிழக்கு ஐரோப்பாவிலிருந்து விரட்டப்பட்ட ஜெர்மானிய அகதிகள், கைதிகள் இருந்த இதே குடில்களில் வருடக்கணக்கில் குடியிருந்தார்கள். உயிர் பிழைத்த கைதிகள் விடாமல் கேட்டுப் போராடிய பிறகுதான் 1965இல் இது நினைவிடமானது. சிதிலமாகிக் கிடந்த குடில்களை அப்போது இடித்துவிட்டு, இரண்டை மட்டும் மாதிரிக்குத் திரும்பக் கட்டினார்கள். ஆகவே நீங்கள் நடக்கப்போவது பெரும்பாலும் தடங்களின் மேல்தான்.

போகும் முன் தெரிந்திருக்க வேண்டியது

முதலில் பெயர். ஆங்கில எழுத்தைப் பார்த்து "டச்சாவ்" என்று படிக்காதீர்கள். டாஹாவ் என்று, தொண்டையிலிருந்து வரும் ஹகரத்தோடு சொல்கிறார்கள். ரயில் அறிவிப்பிலும் அப்படித்தான் வரும்.

ஹிட்லர் பிரதமரானது 1933 ஜனவரி 30. இந்த முகாம் திறக்கப்பட்டது அதே வருடம் மார்ச் 22. நடுவில் இரண்டு மாதம்கூட இல்லை. அப்போது மியூனிக் காவல்துறைத் தலைவராக இருந்த ஹிம்லர், டாஹாவ் அருகே ஒரு முகாம் திறக்கப்படுகிறது, 5,000 பேரை அடைக்கலாம் என்று பத்திரிகையில் வெளிப்படையாகவே அறிவித்தார். யாருக்கும் தெரியாமல் காட்டுக்குள் கட்டியதல்ல இது. முதல் உலகப் போர்க் காலத்து வெடிமருந்துத் தொழிற்சாலை ஒன்று சும்மா கிடந்தது, அதை எடுத்துக்கொண்டார்கள். முதலில் அடைக்கப்பட்டவர்கள் கம்யூனிஸ்டுகள், சமூக ஜனநாயகக் கட்சியினர், தொழிற்சங்கத்தினர். அப்புறம் யூதர்கள், ஐரோப்பாவின் சிந்தி, ரோமா என்ற சிறுபான்மை இனத்தவர், ஓரினச் சேர்க்கையாளர்கள், யெகோவாவின் சாட்சிகள், போலந்துப் பாதிரியார்கள், சோவியத் போர்க் கைதிகள் என்று வரிசை நீண்டுகொண்டே போனது. 1938 நவம்பரில் ஜெர்மனி முழுதும் யூதர்களின் கடைகளும் தொழுகைக்கூடங்களும் அடித்து நொறுக்கப்பட்ட பிறகு, சுமார் 11,000 யூதர்களை இங்கே கொண்டுவந்தார்கள். பன்னிரண்டு வருடத்தில் முதன்மை முகாமுக்கும் அதன் கிளை முகாம்களுக்குமாக 2,00,000க்கு மேற்பட்டவர்கள் கொண்டுவரப்பட்டார்கள். சுமார் 41,500 பேர் இறந்தார்கள். 1945 ஏப்ரல் 29 அன்று அமெரிக்கப் படை வந்தபோது முதன்மை முகாமில் மட்டும் 30,000க்கு மேற்பட்டவர்கள் இருந்தார்கள். அது கட்டப்பட்டதோ சுமார் 6,000 பேருக்கு.

டாஹாவ் வேறு, ஆஷ்விட்ஸ் வேறு. நம்மில் பலர் இரண்டையும் ஒன்றாக நினைத்துக்கொண்டு போகிறோம். ஆஷ்விட்ஸ் போலந்தில் இருக்கிறது. அங்கே பிர்கெனாவ் என்ற பகுதியில் ஆட்களை ரயிலில் கொண்டுவந்து இறக்கி, பெரும்பாலானவர்களை நேராக விஷவாயு அறைக்கு அனுப்பினார்கள். டாஹாவில் நடந்தது வேறு விதம். பட்டினி, வேலை, அடி, நோய், கைதிகளின் உடம்பில் செய்த மருத்துவச் சோதனைகள், தூக்கு, துப்பாக்கி. பிற்பாடு மற்ற முகாம்களுக்கெல்லாம் போன விதிமுறைகள் எழுதப்பட்டதும், காவலர்கள் பழக்கப்பட்டதும் இங்கேதான். இந்த வித்தியாசம் மனதில் இருந்தால் வழிகாட்டி சொல்வது சரியாகப் பிடிபடும்.

நாளும் நேரமும்

நினைவிடம் டிசம்பர் 24 தவிர எல்லா நாளும் காலை 9 முதல் மாலை 5 வரை திறந்திருக்கும். நுழைவுக் கட்டணம் கிடையாது. வழிகாட்டிச் சுற்றுக்கு மட்டும் சில யூரோ. ஆங்கிலச் சுற்று வழக்கமாகக் காலை 11 மணிக்கும் மதியம் 1 மணிக்கும் புறப்படும். இடம் குறைவு என்பதால் கோடைக்காலத்திலும் சனி, ஞாயிறிலும் சீக்கிரம் நிரம்பிவிடும். முந்தின நாளே நினைவிடத்தின் இணையதளத்தைத் திறந்து அன்றைய நேரத்தையும் டிக்கெட் முறையையும் பார்த்துவிடுங்கள். நான் எப்போதும் 11 மணிச் சுற்றுக்குத்தான் ஆட்களை அழைத்துப் போகிறேன். அது முடிய ஒன்றரை ஆகும். அதன் பிறகு அருங்காட்சியகத்தை நிதானமாகப் பார்க்க மூன்று மணி நேரத்துக்கு மேல் கிடைக்கும். 1 மணிச் சுற்றில் போனால் அது கிடைக்காது.

மியூனிக் நகர நடுவில் இருக்கும் மரியன்பிளாட்ஸ் சதுக்கத்திலிருந்து தனியார் நிறுவனங்கள் அழைத்துப் போகும் சுற்றுகளும் உண்டு. பல மடங்கு விலை, ஆனால் ரயில் டிக்கெட்டிலிருந்து எல்லாவற்றையும் அவர்களே பார்த்துக்கொள்வார்கள். உள்ளே சுற்றிக்காட்ட நினைவிடத்தின் பயிற்சி பெற்று அனுமதி வாங்கியிருக்க வேண்டும் என்பதால் அவர்களும் விஷயம் தெரிந்தவர்கள்தான். வெளியூரிலிருந்து ஒரே ஒரு நாளுக்கு வருகிறவர்களுக்கு அது சரி. இங்கேயே குடியிருப்பவர்களுக்குத் தேவையில்லை.

இன்னொரு விஷயத்தைக் கொஞ்சம் அழுத்தியே சொல்கிறேன். காலையில் டாஹாவ், மதியம் கார் அருங்காட்சியகம், சாயங்காலம் பீர் தோட்டம் என்று ஒரே நாளில் திணிக்காதீர்கள். பயணத் திட்டம் போடும்போது ரயில் நேரத்தை மட்டும் பார்த்தால் எல்லாம் பொருந்துவது போலத் தெரியும். அன்றைக்கு இதை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். திரும்பி வந்ததும் யாருக்கும் அதிகம் பேசத் தோன்றாது.

ரயிலும் பஸ்ஸும்

ஹாப்ட்பான்ஹோஃப் என்ற மியூனிக் முதன்மை ரயில் நிலையத்திலிருந்தோ மரியன்பிளாட்ஸிலிருந்தோ எஸ்2 என்ற எஸ்-பான் புறநகர் ரயில். பீட்டர்ஸ்ஹவுசன் அல்லது ஆல்டோமுன்ஸ்டர் பக்கம் போகும் வண்டியாகப் பார்த்து ஏறுங்கள். ஹாப்ட்பான்ஹோஃபிலிருந்து அரை மணிக்குள் டாஹாவ் நிலையம் வந்துவிடும். ஆல்டோமுன்ஸ்டர் வண்டியில் போகிறவர்கள் கவனமாக இருக்க வேண்டும். அது "டாஹாவ் ஸ்டாட்" என்ற இன்னொரு நிலையத்திலும் நிற்கும். அங்கே இறங்கினால் பஸ்ஸைத் தேடி அலைய வேண்டும். வெறும் "டாஹாவ்" என்று வருகிறதே, முதலில் வரும் அதிலேயே இறங்கிவிடுங்கள்.

நிலையத்துக்கு எதிரிலேயே 726ஆம் எண் பஸ். ஸாவ்பாக்ஸீட்லுங் என்று நெற்றியில் எழுதியிருக்கும். இறங்க வேண்டிய நிறுத்தத்தின் பெயர் "காட்ஸெட் கெடெங்க்ஷ்டெட்டே". ரயிலிலிருந்து இறங்குகிற எல்லோரும் ஒரே பஸ்ஸுக்குத்தான் ஓடுவார்கள், நெரிசல் இருக்கும். டிக்கெட் M, 1 என்ற இரண்டு கட்டண மண்டலங்களையும் சேர்த்து இருக்க வேண்டும். டாய்ச்லாண்ட் டிக்கெட் என்ற நாடு முழுதுக்குமான மாத டிக்கெட் வைத்திருப்பவர்கள் அதிலேயே போய் வரலாம். 11 மணிச் சுற்றுக்கு 10.15க்காவது பார்வையாளர் மையத்தில் இருங்கள். வார இறுதியில் எஸ்-பான் தடத்தில் பராமரிப்பு வேலை அடிக்கடி நடக்கும், அதற்கும் கொஞ்ச நேரம் கூட்டி வைத்துக்கொள்ளுங்கள்.

எதை எடுத்துப்போவது, எதை வீட்டில் வைப்பது

நல்ல ஷூ. நடை முழுக்கச் சரளைக்கல் மேல்தான், செருப்பில் நடந்தால் கல் உள்ளே புகுந்துகொண்டே இருக்கும். அந்த மைதானத்தில் ஒதுங்க ஒரு கூரை இல்லை. மழைக்குக் குடை, வெயிலுக்குத் தொப்பி, நவம்பர் முதல் மார்ச் வரை நீங்கள் போதும் என்று நினைப்பதைவிட ஒரு உடுப்பு கூடுதலாக. ஒரு ஜனவரியில் மைதானத்தில் இருபது நிமிடம் நின்றதற்கே எனக்கு விரல்கள் மரத்துப்போயின. நான் அணிந்திருந்தது பனிக்கால ஜாக்கெட். கைதிகள் அணிந்திருந்தது மெல்லிய கோடு போட்ட துணி.

தண்ணீர் எடுத்துப்போகலாம். சாப்பாட்டை உள்ளே பிரிக்கக் கூடாது. புளியோதரைப் பொட்டலம் கட்டிக்கொண்டு வரும் குடும்பங்கள், சுற்று தொடங்கும் முன்பே வெளியே சாப்பிட்டுவிடுங்கள். பார்வையாளர் மையத்தில் ஒரு சிற்றுண்டிக் கடையும் இருக்கிறது.

நம்மவர்கள் மட்டும் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு. கழுத்துச் சங்கிலியில் ஸ்வஸ்திகா பதக்கமோ, கைப்பையில் அதே சின்னம் போட்ட கோயில் ஸ்டிக்கரோ இருந்தால் அன்றைக்கு வீட்டிலேயே வைத்துவிடுங்கள். நமக்கு அது பிள்ளையார் சுழி போலத்தான். புதுக்கணக்கிலும் வாசற்படியிலும் போடுகிறோம், அதில் தப்பொன்றும் இல்லை. ஆனால் பக்கத்தில் நடந்து வருகிறவர் இங்கே தாத்தாவைப் பறிகொடுத்தவரின் பேரனாக இருக்கலாம். அவருக்கு அந்த வடிவம் ஒன்றையே சொல்லும். நாஜிச் சின்னங்களைக் காட்டுவது ஜெர்மனியில் சட்டப்படி குற்றமும்கூட. நம்முடையது அந்தச் சின்னம் அல்ல என்று அந்த இடத்தில் நின்று விளக்க வேண்டிய நிலை யாருக்கும் வர வேண்டாம்.

அதே போல, கண்டிப்பான அப்பாவையும் மேலாளரையும் "ஹிட்லர்" என்று கூப்பிடும் வழக்கம் நம் பேச்சில் இருக்கிறது. குழுவில் நின்றுகொண்டு தமிழில்தானே என்று அதைச் சொல்லாதீர்கள். சுற்றியிருப்பவர்களுக்கு அந்த ஒரு சொல் மட்டும் நன்றாகவே காதில் விழும்.

சுற்று

பார்வையாளர் மையத்திலிருந்து மரங்களுக்கு நடுவே ஒரு பாதை போகிறது. ஒரு கால்வாய், அதன் மேல் சின்னப் பாலம், எதிரே ஷூர்ஹவுஸ் என்ற காவல் கட்டடம். அதன் நடுவில்தான் அந்த இரும்புக் கதவு. "வேலை விடுதலை தரும்" என்று ஜெர்மன் மொழியில் கம்பியில் வளைத்து எழுதியிருக்கும். வழிகாட்டி இங்கே ஒரு விவரம் சொல்லுவார். 2014 நவம்பரில் ஒரு இரவு இந்த வாசகத்தோடு கூடிய கதவை யாரோ பெயர்த்துக்கொண்டு போய்விட்டார்கள். இரண்டு வருடம் கழித்து நார்வேயில் பெர்கன் நகருக்கு அருகே கிடைத்தது. இப்போது வாசலில் இருப்பது நகல், அசல் உள்ளே அருங்காட்சியகத்தில் இருக்கிறது. கதவு நீங்கள் நினைப்பதைவிடக் குறுகல். ஒருவர் பின் ஒருவராகத்தான் நுழைய முடியும். பின்னால் வருகிறவர்களுக்கு வழிவிட்டு நகருங்கள். கதவைப் பிடித்துக்கொண்டு சிரித்துப் படம் எடுப்பவர்களை ஒவ்வொரு முறையும் பார்க்கிறேன். படம் எடுக்க இங்கே தடை இல்லை, எழுத்தையும் இடத்தையும் எடுங்கள். அதன் முன்னால் நின்று போஸ் கொடுப்பது மட்டும் வேண்டாம்.

உள்ளே போனதும் வலப்பக்கம் நீளமான கட்டடம். சமையலறை, சலவை, குளியல் எல்லாம் இருந்த பராமரிப்புக் கட்டடம் அது, இப்போது அருங்காட்சியகம். அதன் கூரையில் அந்தக் காலத்தில் பெரிய எழுத்தில் ஒரு வாசகம் இருந்தது. மைதானத்தில் நின்ற ஒவ்வொருவர் கண்ணிலும் படும்படி எழுதியிருந்தார்கள். விடுதலைக்கு ஒரு வழி உண்டு, அதன் மைல்கற்கள் கீழ்ப்படிதல், உழைப்பு, நேர்மை, ஒழுங்கு, தூய்மை, நிதானம், வாய்மை, தியாகம், நாட்டுப்பற்று என்று. வழிகாட்டி இதை வரிசையாகச் சொல்லிக்கொண்டே வந்தபோது நான் ஆங்கிலத்திலிருந்து தமிழாக்கி அப்பாவுக்குச் சொன்னேன். அப்பா முப்பது வருடம் பள்ளி ஆசிரியர். "இதையெல்லாம் நாங்கள் பள்ளிக்கூடச் சுவரில் எழுதி வைத்திருந்தோமே" என்றார். அதற்கு என்னிடம் பதில் இல்லை. அதே சொற்களை ஒரு வாசலின் உள்பக்கம், வெளியே போக முடியாதவர்கள் படிக்கும்படி எழுதி வைத்தால் அவை என்னவாகின்றன என்பதை அந்த மைதானத்தில் நின்றுதான் யோசிக்க முடியும்.

கட்டடத்துக்குள் ஒரு பெரிய கூடம் இருக்கிறது. புதிதாக வந்த கைதி கையிலிருந்ததையெல்லாம் கொடுத்த இடம். கடிகாரம், அடையாள அட்டை, குடும்பப் படம், கடைசியில் உடுத்தியிருந்த துணி. பெயருக்குப் பதில் ஒரு எண்ணைக் கொடுப்பார்கள். அங்கே சுவரைப் பாருங்கள். "புகைபிடிக்கத் தடை" என்று பழைய ஜெர்மன் எழுத்தில் எழுதியது இன்னும் மங்கலாகத் தெரியும். அம்மணமாக நிற்க வைத்து மயிரை மழித்த இடத்துக்குப் பக்கத்துச் சுவரில் அப்படி ஒரு அறிவிப்பு. பார்க்காமல் கடந்து போய்விட வேண்டாம்.

இந்தக் கட்டடத்துக்குப் பின்னால் இருப்பது பங்கர் என்ற தண்டனைச் சிறை. நீண்ட தாழ்வாரம், இரு பக்கமும் அறைகள். 1939 நவம்பர் 8 அன்று மியூனிக் பீர் மண்டபத்தில் குண்டு வைத்து ஹிட்லரைக் கொல்ல முயன்ற கேயார்க் எல்ஸர் என்ற தச்சர் கடைசியாக அடைபட்டிருந்தது இங்கே. குண்டு வெடிப்பதற்குச் சில நிமிடம் முன்பு ஹிட்லர் கிளம்பிவிட்டார். எல்ஸரை ஐந்து வருடத்துக்கு மேல் வைத்திருந்து, 1945 ஏப்ரல் 9 அன்று சுட்டார்கள். முகாம் விடுவிக்கப்பட அப்போது இருபது நாள்தான் இருந்தது. சில சுற்றுகள் பங்கருக்குள் போகாமல் கடந்துவிடும். அப்படியானால் சுற்று முடிந்தபின் நீங்களாகத் திரும்பி வந்து பாருங்கள்.

திரும்பக் கட்டிய குடிலில் வழிகாட்டி அதிக நேரம் எடுத்துக்கொள்வார். கட்டில்கள் மூன்று விதமாக இருக்கும். தொடக்க வருடங்களில் ஆளுக்கொரு தடுப்பு, தலைமாட்டில் சின்னத் தட்டு. அப்புறம் தடுப்புகள் குறைகின்றன. கடைசி வருடத்தில் ஒரே நீளப் பலகை, மூன்று அடுக்கு, அதில் எத்தனை பேர் படுக்க முடியுமோ அத்தனை பேர். ஒரு குடில் 200 பேருக்கென்று கட்டியது, கடைசியில் 2,000 பேர் வரை அடைத்தார்கள். பக்கத்து மரப் பெட்டிகளைப் பார்த்துவிட்டு எங்கள் குழுவில் ஒரு இளைஞர், "பரவாயில்லையே, சுத்தமாகத்தான் இருக்கிறது" என்றார். வழிகாட்டி கோபப்படவில்லை. போர்வை ஓரம் அளவுகோல் வைத்தது போல நேராக இல்லை என்றாலும், தரையில் ஒரு சொட்டுத் தண்ணீர் கிடந்தாலும் அடி விழும், ஒழுங்கையே அடிப்பதற்குச் சாக்காக வைத்திருந்தார்கள் என்று விளக்கினார். 1944-45 குளிர்காலத்தில் இந்த நெரிசலில் டைஃபஸ் காய்ச்சல் பரவி ஆயிரக்கணக்கானவர்கள் இறந்தார்கள்.

குடில்களுக்கு நடுவே பாப்ளர் மரங்கள் நிற்கும் நேர் சாலை. அதன் கடைசியில் கத்தோலிக்க, புராட்டஸ்டண்டு, யூத நினைவுக்கூடங்கள். 26ஆம் எண் குடிலின் தடத்தைத் தேடிப் பாருங்கள். பாதிரியார்களை அடைத்த குடில் அது. 2,700க்கு மேற்பட்ட மதகுருமார்கள் இந்த முகாமில் இருந்தார்கள், பாதிக்கு மேல் போலந்துக்காரர்கள்.

அங்கிருந்து இடப்பக்கம் கால்வாயைத் தாண்டினால் எரியூட்டுக் கட்டடம். இங்கே விஷவாயுவால் கொன்றார்களா என்று எல்லோரும் முதலில் கேட்கும் கேள்விக்கு வழிகாட்டி இங்கேதான் பதில் சொல்வார். ஒரு அறை வாசலில் "குளியல்" என்று எழுதியிருக்கும். அது விஷவாயு அறை. கூட்டங்கூட்டமாகக் கொல்ல அது பயன்படுத்தப்படவில்லை. 1944இல் சிலரை அங்கே வாயுவால் கொன்றதாக உயிர் பிழைத்தவர்களின் சாட்சியம் உண்டு. ஆனால் டாஹாவ் கைதிகள் வாயுவுக்குத் தப்பினார்கள் என்று அர்த்தமில்லை. வேலைக்கு உதவாதவர்கள் என்று பிரித்த 2,500க்கு மேற்பட்டவர்களை ஆஸ்திரியாவில் லின்ட்ஸ் அருகே ஹார்ட்ஹைம் மாளிகைக்கு அனுப்பி அங்கே கொன்றார்கள். இந்தக் கட்டடத்தில் குரலைத் தாழ்த்திக்கொள்ளுங்கள். அடுப்புகளுக்கு முன்னால் படம் எடுக்காமல் வந்தாலும் நஷ்டமில்லை.

வெளியே தோட்டத்தில் ஒரு வெண்கலச் சிலை நிற்கிறது. அளவுக்குப் பெரிய மேலங்கி, தலையில் தொப்பி இல்லை, கைகள் பையில். கைதி காவலர் முன்னால் தொப்பியைக் கழற்ற வேண்டும், கையைப் பையில் விடக் கூடாது என்பது விதி. இந்த மனிதர் கழற்றுவதற்குத் தொப்பியே இல்லாமல், கையைப் பையில் விட்டு, அண்ணாந்து பார்த்துக்கொண்டு நிற்கிறார். இறந்தவர்களுக்கு மரியாதையாக, இருப்பவர்களுக்கு எச்சரிக்கையாக என்று அடியில் எழுதியிருக்கிறது.

எரியூட்டுக் கட்டடத்தில் ஒரு கல்வெட்டும் உண்டு, நான்கு பெண்களின் பெயரோடு. இந்தியாவிலிருந்து வருகிறவர்கள் யாராக இருந்தாலும் நான் அதன் முன் நிறுத்துகிறேன். நான்கில் ஒருவர் நூர் இனாயத் கான். பரோடாவில் பிறந்த இசைக் கலைஞரும் சூஃபி ஆசிரியருமான இனாயத் கானின் மகள், திப்பு சுல்தான் வழி வந்தவர். மாஸ்கோவில் பிறந்து, பிரான்சில் வளர்ந்து, குழந்தைகளுக்குக் கதை எழுதிக்கொண்டிருந்தவர். பிரிட்டனின் ரகசியப் படைக்காக 1943 ஜூனில் நாஜிகள் பிடியில் இருந்த பிரான்சுக்குள் வானொலிக் கருவியோடு இறங்கினார். அந்த அக்டோபரில் பிடிபட்டார். 1944 செப்டம்பர் 13 காலை, இன்னும் மூன்று பெண்களோடு இங்கே சுட்டுக் கொல்லப்பட்டார். வயது 30. எல்லா வழிகாட்டிகளும் அந்தக் கல்வெட்டின் முன் நிற்பதில்லை. "நூர் இனாயத் கான் பெயர் எங்கே இருக்கிறது?" என்று நீங்களே கேளுங்கள், மகிழ்ச்சியோடு காட்டுவார்கள்.

கேள்வி கேட்பது

கூச்சப்படாமல் கேளுங்கள். ஆங்கிலம் சரளமாக வரவில்லை என்றாலும் பரவாயில்லை, வழிகாட்டிகளில் பலருக்கும் ஆங்கிலம் தாய்மொழி அல்ல. பெற்றோருக்கு மொழிபெயர்த்துச் சொல்வதாக இருந்தால் தொடக்கத்திலேயே வழிகாட்டியிடம் சொல்லிவிட்டுக் குழுவின் ஓரமாக நில்லுங்கள். மற்றவர்களுக்கு இடைஞ்சல் இருக்காது.

நான் கேட்டுப் பயன்பெற்ற கேள்வி: "அந்தச் சமயத்தில் யாருமே தடுக்கவில்லையா?" அதற்குத்தான் யோசெஃப் ஹார்ட்டிங்கர் பற்றித் தெரியவந்தது. 1933 ஏப்ரலில், முகாம் திறந்து மூன்று வாரத்தில், யூதக் கைதிகள் நான்கு பேரைக் காவலர்கள் சுட்டார்கள். தப்பி ஓடினார்கள், சுட்டோம் என்று கணக்கு எழுதினார்கள். மியூனிக் அரசு வழக்கறிஞரான ஹார்ட்டிங்கர் ஒரு மருத்துவரைக் கூட்டிக்கொண்டு நேரில் வந்து விசாரித்தார். அதன் பிறகும் முகாமில் சாவுகள் தொடர்ந்தன, அவரும் விடாமல் ஆவணம் சேர்த்து முகாம் தளபதி மேலேயே கொலைக் குற்றம் சாட்டினார். வழக்கை மேலே இருந்தவர்கள் முடக்கிவிட்டார்கள். தளபதியை மாற்றியதோடு சரி. புதிதாக வந்த ஐக்கே என்பவர்தான் அடிக்கும் தண்டனைக்கும் தூக்குக்கும் விதிப் புத்தகமே எழுதியவர். 1933இலேயே ஒரு அரசு அலுவலர் தன் வேலையை ஒழுங்காகச் செய்யப் பார்த்தார் என்பது எனக்குப் பெரிய விஷயமாகப் பட்டது.

நம் ஊர்க்காரர்கள் சிலர் ஹிட்லர் நேதாஜிக்கு உதவினாரே என்று ஆரம்பிப்பதுண்டு. நேதாஜி பெர்லினில் இருந்தது 1941 முதல் 1943 வரை. அந்த நாட்கள் முழுதும் இந்த முகாம் நடந்துகொண்டிருந்தது. 1941, 42இல் இங்கிருந்து கொஞ்ச தூரத்தில் ஹெபர்ட்ஸ்ஹவுசன் துப்பாக்கிப் பயிற்சித் திடலில் சோவியத் போர்க் கைதிகள் 4,000க்கு மேற்பட்டவர்களை வரிசையாக நிறுத்திச் சுட்டார்கள். அந்தப் பேச்சை எடுக்கும் முன் இதையும் நினைவில் வையுங்கள்.

யார் போகலாம்

13 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளைச் சுற்றில் சேர்க்காமல் இருப்பதுதான் நல்லது, நினைவிடத்தின் பரிந்துரையும் அதுதான். பெற்றோரில் ஒருவர் பிள்ளையோடு பார்வையாளர் மையத்தில் இருந்துவிட்டு, இன்னொரு நாள் முறை மாற்றிப் போகலாம். முழங்கால் வலி உள்ள பெரியவர்களுக்கு இரண்டரை மணி நேரமும் நிற்பது கஷ்டம். அவர்களை முதலில் அருங்காட்சியகத்துக்கு அழைத்துப் போங்கள். அங்கே ஆவணப்படம் ஆங்கிலத்திலும் போடுகிறார்கள், உட்கார்ந்து பார்க்கலாம்.

ஈழத்திலிருந்து வந்து ஜெர்மனியில் இருக்கும் நம் சொந்தங்களுக்குத் தனியாக ஒன்று சொல்ல வேண்டும். முள்வேலிக்குள் வரிசையில் நின்ற நினைவு உங்களுக்கே இருக்கலாம். என்னோடு வந்த ஒரு அண்ணை, கோடு போட்ட உடுப்பையும் எரியூட்டுக் கட்டடத்தையும் தாங்கிக்கொண்டார். கைதிகள் பெயர்ப் பதிவு அட்டையைக் கண்டதும் வெளியே போய் உட்கார்ந்துவிட்டார். அப்படித் தோன்றினால் போய்விடுங்கள். நடுவில் விலகுவதை எந்த வழிகாட்டியும் தப்பாக எடுத்துக்கொள்ள மாட்டார், ஒரு வார்த்தை சொல்லிவிட்டுப் போனால் போதும். தனியாக வராமல் கூட ஒருவரை அழைத்து வருவது நல்லது.

சுற்று முடிந்த பிறகு

சுற்று பல சமயம் வாசலில் முடியாது, உள்ளேயே எங்காவது முடியும். திரும்பி நடக்கப் பத்துப் பதினைந்து நிமிடம் ஆகும். வழியில் மைதானத்தின் ஓரம் இருக்கும் பெரிய வெண்கல நினைவுச்சின்னத்தின் முன் கொஞ்சம் நில்லுங்கள். யூகோஸ்லாவியச் சிற்பி நாண்டோர் கிளிட் செய்தது, 1968இல் திறந்தது. தூரத்திலிருந்து முள்வேலி போலத் தெரியும். கிட்டே போனால் கம்பிகள் இல்லை, எலும்பும் தோலுமான உடல்கள். பக்கத்துச் சுவரில் "இனி ஒருபோதும் வேண்டாம்" என்று ஐந்து மொழிகளில் இருக்கிறது.

அப்புறம் ஒரு யோசனை. காலில் தெம்பிருந்தால் திரும்பும்போது பஸ் பிடிக்காதீர்கள். நினைவிடத்துக்கும் ரயில் நிலையத்துக்கும் நடுவே சுமார் 3 கிலோமீட்டருக்கு "நினைவின் பாதை" என்று ஒன்று போட்டிருக்கிறார்கள். கைதிகள் ரயிலிலிருந்து இறக்கப்பட்டு முகாமுக்கு வந்த வழியைத் தொட்டுப் போவது, இடையிடையே பழைய படங்களோடு தகவல் பலகைகள். முக்கால் மணி நேர நடை. அப்பாவோடு நான் நடந்தது ஒரு செப்டம்பர் மாலை. வீட்டுத் தோட்டங்களில் ஆப்பிள் பழுத்துத் தொங்கியது, ஒரு வீட்டு வாசலில் பிள்ளைகள் சைக்கிள் விட்டுக்கொண்டிருந்தார்கள். ஒவ்வொரு பலகையிலும் அப்பா நின்றார். படத்தில் தெரியும் தெருவையும் எதிரே இருக்கும் தெருவையும் மாறி மாறிப் பார்த்தார். "இவ்வளவு பக்கத்தில் வீடுகள் இருந்ததா?" என்று இரண்டு தடவை கேட்டார். நிலையத்துக்கு வந்து சேர்ந்தபோது எஸ்2 நின்றுகொண்டிருந்தது. ஏறவில்லை. பெஞ்சில் உட்கார்ந்து மீதித் தண்ணீரைக் குடித்துவிட்டு, இருபது நிமிடம் கழித்து வந்த அடுத்த வண்டியில் ஏறினோம்.